ஆலை வாசல் படங்கள்: ஏற்பாடு செய்து எடுத்ததை அன்றாட வாழ்வின் பதிவு என்று சொல்லலாமா?

திரைச்சீலை (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். எங்கள் ஊரில் நண்பர்கள் சேர்ந்து சிறிய திரைப்படச் சங்கம் ஒன்றை நடத்தி வருகிறோம். கதைப்படம் என்ற ஒன்று நிலைபெறுவதற்கு முன்னால் எடுக்கப்பட்டு, தெருவையும் ஆலையையும் ரயில் நிலையத்தையும் வீட்டுத் தோட்டத்தையும் காட்டுகிற ஊமைக் குறும்படங்களை மட்டும் அடுத்த மாதத் திரையிடலில் ஒரு மணி நேரம் காட்டுவதென்று முடிவு செய்திருக்கிறோம். ஒரு வெள்ளோட்டமாக, லூமியேர் சகோதரர்கள் 1895ஆம் ஆண்டு பிரான்சின் லியோன் நகரில் எடுத்த, தொழிலாளர்கள் ஆலையை விட்டு வெளியேறும் படத்தைச் சென்ற ஞாயிற்றுக்கிழமை கல்லூரி மாணவர்கள் சிலருக்குப் போட்டுக் காட்டினேன். நடிப்பு ஏதுமின்றி அன்றாட வாழ்வை உள்ளபடியே பதிவு செய்த படம் என்று முன்னுரையும் சொல்லியிருந்தேன். படம் முடிந்ததும் ஒரு மாணவி எழுந்து, "இத்தனை பேர் வெளியே வருகிறார்கள், எதிரே கேமரா நிற்கிறது, ஏறக்குறைய யாருமே அதைப் பார்க்கவில்லையே, அது எப்படி உள்ளபடியான வாழ்வாகும்?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

அவருடைய கேள்வியையே இங்கே வைக்கிறேன். இந்தப் படங்களை எந்த அளவுக்கு நம்பலாம்? கூடவே ஒரு சிறு ஐயமும் உண்டு. இவற்றில் எல்லோரும் ஏன் விசை முடுக்கிய பொம்மைகளைப் போல ஓட்டமும் நடையுமாகச் செல்கிறார்கள்? மாணவர்கள் அதைப் பார்த்துச் சிரித்துவிட்டார்கள்.

பழஞ்சுருள்

உங்கள் மாணவியின் பார்வை கூர்மையானது. அவர் சந்தேகித்தது சரிதான். அந்த வாசல் லூமியேர் குடும்பத்துக்குச் சொந்தமான, புகைப்படத் தகடுகள் தயாரிக்கும் ஆலையின் வாசல். எதிரே நின்று படம் எடுத்தவர் லூயி லூமியேர். முதலாளி ஒரு புதுக் கருவியை வைத்துக்கொண்டு எதிரில் நிற்கும்போது அவரையே உற்றுப் பார்த்துக்கொண்டு நடக்கிற தொழிலாளி எந்த ஊரிலும் இருக்க மாட்டார். அவர்கள் இடமும் வலமுமாகப் பிரிந்து, கேமராவுக்கு விலகியே நடக்கிறார்கள்.

இந்தப் படத்துக்கு மூன்று வடிவங்கள் எஞ்சியிருப்பதை மாணவர்களுக்குச் சொன்னீர்களா என்று தெரியவில்லை. ஒன்றில் ஒற்றைக் குதிரை பூட்டிய வண்டி வெளியே வருகிறது, மற்றொன்றில் இரண்டு குதிரைகள் பூட்டிய வண்டி, இன்னொன்றில் குதிரையே கிடையாது. ஆய்வாளர்களும் குதிரைக் கணக்கை வைத்தே இவற்றைப் பிரித்துப் பேசுகிறார்கள். உடையும் வெயிலும் மாறுவதிலிருந்து, மூன்றும் ஒரே நாளில் எடுத்தவை அல்ல என்பது தெரிகிறது. 1895 மார்ச் 22ஆம் தேதி பாரிஸில் அழைக்கப்பட்ட அவையினர் முன் முதல் வடிவம் காட்டப்பட்ட பிறகும், அதே வாசலில் அதே ஆட்களை மறுபடி நடக்கவைத்து எடுத்திருக்கிறார்கள் என்றால், அது வேலை முடிந்து வீட்டுக்குக் கிளம்பியவர்களைத் தற்செயலாகப் பிடித்த காட்சியாக இருக்க முடியாது.

ஏன் மறுபடி எடுத்தார்கள் என்பதற்குக் கருவியிலேயே விடை இருக்கிறது. சுமார் 5 கிலோ எடையுள்ள அந்த மரப்பெட்டிக்குள் ஏறத்தாழ 17 மீட்டர் படச்சுருள்தான் அடங்கும். கைப்பிடியைச் சுழற்ற ஆரம்பித்தால் 50 நொடியில் சுருள் தீர்ந்துவிடும். அதற்குள் கதவு திறந்து, ஆட்கள் வெளியேறி, வாசல் வெறிச்சோட வேண்டும். ஆகையால் அந்தப் பெண்கள் நடக்கிற வேகத்தில் வீட்டுக்குப் போகிற அவசரம் எவ்வளவு, சுருளின் நீளம் எவ்வளவு என்று பிரித்துச் சொல்வது கடினம்.

இதனால் படத்தைப் பொய் என்று தள்ளிவிட வேண்டியதில்லை. ஏற்பாடு எந்த இடத்தில் கைநழுவுகிறது என்று பார்க்கச் சொல்லுங்கள். மனிதர்களுக்குச் சொல்லிவைக்கலாம், ஓடித் திரியும் நாய்க்கு யார் சொல்லிவைப்பது? ஒரு பெண் அருகில் செல்பவரின் பாவாடையைப் பிடித்து இழுத்துவிட்டு நகர்கிறார். முதலாளி பார்க்கிறார் என்று தெரிந்தும் அந்தக் குறும்பு நடந்திருக்கிறது. குழந்தைக்கு உணவு ஊட்டும் படமும் அப்படித்தான். லூயியின் அண்ணன் ஒகுஸ்த்தும் அவர் மனைவியும் மகள் அந்த்ரேயும் மேசைமுன் அமர்ந்திருப்பது குடும்பப் புகைப்படத்துக்கு உட்காருவதைப் போன்ற ஏற்பாடே. ஆனால் அக்காலப் பார்வையாளர்கள் வியந்து பேசியது குழந்தையைப் பற்றியல்ல, பின்னால் காற்றில் அசைந்த மரத்து இலைகளைப் பற்றி. மேடை நாடகத்தில் பின்திரை அசையாது; இங்கே யாரும் கேட்காமலேயே இலை அசைந்தது. அவர்களுக்கு அதுதான் அதிசயம்.

1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் கிராண்ட் கஃபேயின் கீழ்த்தள அறையில் ஆளுக்கு ஒரு ஃபிராங்க் கட்டி 33 பேர் பார்த்த 10 படங்களில், இந்த ஆலைப் படமும் குழந்தைப் படமும் லியோனின் கொர்தெலியே சதுக்கத்துத் தெருக்காட்சியும் இருந்தன. ரயில் வரும் படம் அன்றைய நிரலில் இல்லை. ரயிலைக் கண்டு கூட்டம் அலறி ஓடியது என்ற கதையை முன்னுரையில் சேர்த்திருந்தால் தயவுசெய்து எடுத்துவிடுங்கள். அக்கதைக்கு அக்காலச் சான்று இல்லை என்று ஜெர்மானிய ஆய்வாளர் மார்ட்டின் லாய்பர்டிங்கர் விரிவாக எழுதியிருக்கிறார்.

வாசற்படி

பழஞ்சுருள் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். எனினும் ஏற்பாடு தோற்ற இடத்தில்தான் உண்மை இருக்கிறது என்ற முடிவு எனக்கு முழுமையாகப் படவில்லை. ஏற்பாட்டையே ஒரு செய்தியாகப் படிக்கலாம் என்பதற்கு, லியோனை விட்டு இங்கிலாந்தின் லங்காஷயர் பகுதிக்கு வர வேண்டும்.

பிளாக்பர்ன் என்ற பஞ்சாலை நகரத்தில் சேகர் மிட்செல், ஜேம்ஸ் கென்யன் என்ற இருவர் கூட்டாகப் படமெடுக்கும் தொழில் நடத்தினார்கள். அந்தத் தொழில் எப்போதோ மூடப்பட்டு, பெயரும் மறந்துபோன நிலையில், 1994ஆம் ஆண்டு நகரின் பழைய கடைக் கட்டடம் ஒன்றில் வேலை செய்த கூலியாட்கள் அதன் நிலவறையில் மூன்று உலோகப் பீப்பாய்களைக் கண்டார்கள். உள்ளே 800க்கும் மேற்பட்ட சிறிய நைட்ரேட் நெகட்டிவ் சுருள்கள் இருந்தன. பீட்டர் வொர்டன் என்ற உள்ளூர்ப் படவரலாற்று ஆர்வலர் கையில் அவை சேர்ந்ததால் குப்பைக்குப் போகாமல் தப்பின. 2000ஆம் ஆண்டு பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் அவற்றைப் பெற்றுப் புதுப்பித்தது. ஷெஃபீல்ட் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த வனேசா டுல்மின் போன்றோர் ஒவ்வொரு சுருளும் எந்த ஊர், எந்த ஆலை, யாருக்காக எடுத்தது என்று தேடிக் கண்டுபிடித்தார்கள்.

அந்த 'யாருக்காக' என்பதுதான் முக்கியம். இவற்றில் பெரும்பாலானவை ஊர் ஊராகச் சென்று திருவிழாக்களில் கொட்டகை போட்டவர்கள் காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படங்கள். கொட்டகைக்காரரின் கணக்கு எளிமையானது. பகலில் ஆலை வாசலில் படம் எடுக்க வேண்டும். அதே வாரத்தில், சில சமயம் அதே மாலையில், 'திரையில் உங்களை நீங்களே காண வாருங்கள்' என்ற விதமாகக் கூவி அழைக்க வேண்டும். திரையில் எத்தனை முகம் விழுகிறதோ அத்தனை நுழைவுச்சீட்டு விற்கும். ஆகவே கூட்டத்தைக் கேமராவுக்கு மிக அருகே கடந்து போகச் செய்திருக்கிறார்கள். சில படங்களில் தொப்பி அணிந்த ஓர் ஆள் சட்டகத்துக்குள்ளேயே வந்து, நகருங்கள், இந்தப் பக்கம் வாருங்கள் என்று கையசைத்து விரட்டுவதைக் காணலாம். அவர் பெரும்பாலும் கொட்டகைக்காரரோ அவருடைய ஆளோதான்.

இப்போது லியோன் வாசலையும் லங்காஷயர் வாசலையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். அங்கே கேமரா முதலாளியுடையது, ஆகவே யாரும் பார்க்கவில்லை. இங்கே கேமரா வேடிக்கை காட்ட வந்தவருடையது, படத்தைப் பார்க்கப் போகிறவர்களும் இவர்களேதாம். ஆகவே எல்லோரும் பார்க்கிறார்கள், முறைக்கிறார்கள், தொப்பியைக் கழற்றி ஆட்டுகிறார்கள். சிறுவர்கள் சட்டகத்தின் ஒரு முனையில் வெளியேறி, கேமராவுக்குப் பின்னால் ஓடி, மறு முனையில் திரும்ப நுழைகிறார்கள். தலையில் சால்வை போர்த்திய பெண்கள் சிலர் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். அவர்களுக்கு இந்த வேடிக்கை பிடிக்கவில்லை, அல்லது கூச்சம். அந்தக் கூச்சத்தையும் எண்ணெய்க் கறை படிந்த உடையையும் எந்த ஆலைக் கணக்குப் புத்தகத்திலும் காண முடியாது.

இன்னொன்றையும் மாணவர்களுக்குச் சுட்டிக்காட்டுங்கள். அந்தக் கூட்டத்தில் நம் கண்ணுக்குப் பள்ளிப் பிள்ளைகளாகத் தெரிகிறவர்களில் பலர் ஆலையில் வேலை செய்தவர்கள். 12 வயது ஆன பிள்ளைகள் அரை நாள் ஆலையிலும் அரை நாள் பள்ளியிலும் இருப்பதற்கு அப்போது சட்டம் இடம் கொடுத்தது. 1918ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம்தான் அந்த முறைக்கு முடிவு கட்டியது. வாசலைத் தாண்டி வந்ததும் கேமராமுன் குதிக்கிற சிறுவன், சற்று முன்வரை நூற்பு இயந்திரத்தின் அடியில் இருந்திருக்கக்கூடும். அவன் குதிப்பது படத்துக்காகத்தான். களைத்த கால்களோடு குதிக்கிறான் என்பதும் அதே படத்தில் இருக்கிறது.

படங்கள் ஏன் இவ்வளவு தெளிவாக இருக்கின்றன என்று கேட்பார்கள். அக்காலப் படங்கள் பலவும் திரையில் ஓட்டி ஓட்டித் தேய்ந்த பிரதிகளின் வழியே நம்மிடம் வந்தவை. பிளாக்பர்ன் பீப்பாயில் கிடைத்தவையோ கேமராவிலிருந்து நேரே வந்த நெகட்டிவ்கள், திரையீட்டுக் கருவிக்குள் போகாதவை. முகத்தில் பருவும் சட்டையில் ஒட்டும் தெரிகின்ற அளவுக்குத் துல்லியம்.

கைச்சுழற்சி

வேகத்தைப் பற்றி மட்டும் சொல்கிறேன். லூமியேர் கருவியின் கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்று சுழற்ற வேண்டும். ஒரு சுற்றுக்கு 8 சட்டகம் (அதாவது 8 தனித்தனிப் படங்கள்), ஆக நொடிக்குச் சுமார் 16. பேசும்படம் வந்தபோது நொடிக்கு 24 என்று நிலைநிறுத்தினார்கள். 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் எல்லாம் ஒன்றரை மடங்கு வேகமாகும். 50 நொடிப் படம் 33 நொடியில் முடிந்துவிடும். நீங்கள் காட்டிய பிரதி அரை நிமிடத்தை ஒட்டி முடிந்திருந்தால் அதுவே காரணம். மாணவர்கள் சிரித்தது அந்த மனிதர்களைப் பார்த்தல்ல, தவறான வேகத்தைப் பார்த்து. கணினியில் ஓட்டுவதானால் வேகத்தை மூன்றில் இரண்டாகக் குறைத்துவிட்டுப் பாருங்கள். கையால் சுழற்றியதால் வேகம் படத்துக்குப் படம் மாறும். 16 என்பதை வேதவாக்காகக் கொள்ள வேண்டாம். நடப்பவரின் கால் தரையில் இயல்பாகப் பதிகிறதா என்று கண்ணால் பார்த்தே சரிசெய்ய வேண்டும்.

வானம் எப்போதும் வெளுத்திருப்பதையும் கேட்பார்கள். அக்காலப் படச்சுருள் நீல ஒளியை அதிகமாகவும் சிவப்பை மிகக் குறைவாகவும் உணரும். நீல வானம் வெள்ளையாகிவிடும், சிவப்புத் துணி கறுப்பாகிவிடும். ஆகவே அந்தப் பெண்கள் எல்லோரும் கறுப்புடை உடுத்தியிருந்தார்கள் என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

திரைச்சீலை

மூவருக்கும் மிக்க நன்றி. என்னிடமிருந்த பிரதி 34 நொடி! வேகத்தைக் குறைத்துப் போட்டதும் அதே பெண்கள் சட்டென்று மனிதர்களாகிவிட்டார்கள்.

இன்னொரு கேள்வி. நண்பர் ஒருவர், செயற்கை நுண்ணறிவைக் கொண்டு வண்ணமேற்றி, நொடிக்கு 60 சட்டகமாக மாற்றிய பதிப்புகளைக் காட்டினால் இளைஞர்கள் ஒன்றிவிடுவார்கள் என்கிறார். காட்டலாமா?

பழஞ்சுருள்

ஒன்றிவிடுவார்கள் என்பது உண்மை. எதனோடு ஒன்றுகிறார்கள் என்பதுதான் கேள்வி. 16 சட்டகத்தை 60 ஆக்கும்போது, நீங்கள் பார்க்கிற ஒவ்வொரு நான்கு சட்டகத்திலும் ஏறத்தாழ மூன்று கணினி வரைந்தவை. வண்ணமோ முழுக்க முழுக்க ஊகம். கைச்சுழற்சி சொன்ன சிவப்புத் துணியைக் கணினி கறுப்பென்றே எண்ணி வண்ணம் பூசிவிடலாம். பார்ப்பவர் 1895இல் அந்த உடை கறுப்பு என்று நம்பிவிடுவார்.

பழைய படத்தின் கறையும் ஈரமும்கூட ஏன் விலைமதிப்புள்ளவை என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. அமெரிக்காவின் சான் ஃபிரான்சிஸ்கோவில் டிராம் வண்டியின் முன்பக்கத்தில் கேமராவை வைத்து மார்க்கெட் தெரு நெடுகிலும் எடுத்த சுமார் 13 நிமிடப் படம் ஒன்று இருக்கிறது. மைல்ஸ் சகோதரர்கள் எடுத்தது. அதை 1905 செப்டம்பரில் எடுத்தது என்று நெடுங்காலம் எண்ணியிருந்தார்கள். டேவிட் கீன் என்ற வரலாற்றாய்வாளர் தெருவில் தேங்கிய மழைநீரைக் கவனித்து, வானிலைக் குறிப்புகளோடு ஒப்பிட்டு, அந்த செப்டம்பரில் அப்படி மழை இல்லை என்று கண்டார். படத்தில் வரும் ஒரு காரின் பதிவெண் 1906இன் தொடக்கத்தில் வழங்கப்பட்டிருந்தது. இறுதியில் அது 1906 ஏப்ரல் மாதம், நகரத்தை அழித்த ஏப்ரல் 18 நிலநடுக்கத்துக்குச் சில நாட்களே முன்பு எடுத்த படம் என்று தெரியவந்தது. திரையில் வரும் கட்டடங்களில் பல அந்த மாதம் முடியும்போது இல்லை. கணினி அந்தத் தேங்கிய நீரைத் தேவையற்ற புள்ளிகள் என்று மழுப்பியிருந்தாலோ, பதிவெண் பலகையின் எழுத்தைத் தானே 'திருத்தி'யிருந்தாலோ, இந்தச் சங்கிலி அறுந்துபோயிருக்கும்.

உங்கள் மாணவிக்குப் பிடிக்கும் செய்தி ஒன்றும் அதில் உண்டு. போக்குவரத்து நெரிசல் போலத் தோன்றுகிற அந்தத் தெருவில், சில கார்கள் கேமராவைச் சுற்றிச் சுற்றி வந்து திரும்பத் திரும்பத் தலைகாட்டுகின்றன. நகரம் பரபரப்பாகத் தெரிய வேண்டும் என்று செய்த ஏற்பாடு. பாதையின் குறுக்கே ஓடுகிற சிறுவர்களும் குதிரை வண்டிகளும் அந்த ஏற்பாட்டில் சேராதவை.

நாடோடிக் கொட்டகை

நிரல் முழுவதும் ஐரோப்பாவாகவும் அமெரிக்காவாகவும் இருந்துவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். லூமியேர் நிறுவனம் ஆட்களைக் கேமராவோடு உலகெங்கும் அனுப்பியது. 1,400க்கும் மேற்பட்ட படங்கள் அவர்கள் பட்டியலில் உள்ளன. அப்படி அனுப்பப்பட்ட கேப்ரியல் வேய்ர், அன்று பிரெஞ்சு ஆட்சியில் இருந்த இன்றைய வியட்நாமில் எடுத்த இரண்டு படங்களைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒன்று, நமோ என்ற கிராமத்தை விட்டுப் பல்லக்கில் கிளம்பும்போது எடுத்தது. கேமரா பின்வாங்கிச் செல்ல, ஊர்ப் பிள்ளைகள் கும்பலாகச் சிரித்துக்கொண்டு துரத்தி வருகிறார்கள். வாசற்படி சொன்ன லங்காஷயர்ச் சிறுவர்களின் தம்பிகள் என்றே தோன்றும்.

மற்றொன்றைப் பார்த்தால் அந்தச் சிரிப்பு நின்றுவிடும். வெள்ளுடை அணிந்த இரண்டு பிரெஞ்சுப் பெண்கள் காசுகளை அள்ளி வீச, வியட்நாமியக் குழந்தைகள் தரையில் குனிந்து பொறுக்குகிறார்கள். அந்தப் பெண்கள் ஆளுநர் பால் துமேரின் குடும்பத்தவர் என்று சொல்லப்படுகிறது. அந்தக் காட்சி அங்கே 'அன்றாடம்' என்றே படம் பிடிக்கப்பட்டது, பிரான்சில் வேடிக்கையாகவே காட்டப்பட்டது. எடுத்தவர் மனத்தில் இல்லாத ஒன்றை அந்தப் படம் இன்று நமக்குச் சொல்கிறது.

நம் பக்கத்து இணைப்பும் உண்டு. 1896 ஜூலை 7 அன்று பம்பாயின் வாட்சன் ஹோட்டலில், ஆஸ்திரேலியா செல்லும் வழியில் இறங்கிய மாரியுஸ் செஸ்தியே ஒரு ரூபாய் கட்டணத்தில் காட்டிய ஆறு படங்களில், உங்கள் மாணவி பார்த்த அதே ஆலைப் படமும் இருந்தது. பம்பாயே ஆலைகளின் நகரம். அந்த மாலையும் ஆயிரக்கணக்கானோர் ஆலை வாசல்களைத் தாண்டி வீட்டுக்கு நடந்திருப்பார்கள், ஒரு ரூபாய் கொடுத்து உள்ளே போகும் நிலையில் அவர்களில் எவரும் இருந்திருக்க மாட்டார்கள். நம் ஊர்ப்புறத்து மக்களுக்குச் சலனப்படம் எட்டியது பிறகுதான். திருச்சியில் ரயில்வே எழுத்தராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் துபோன் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து திரையீட்டுக் கருவியையும் சில குறும்படங்களையும் வாங்கி, வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்தோடு ஊர் ஊராகப் புறப்பட்டார்.

ஓர் எச்சரிக்கை. இந்தியாவில் எடுத்த மிகப் பழைய படம் என்று இணையத்தில் கிடைக்கும், கங்கையிலிருந்து காணும் கல்கத்தா என்று தலைப்பிட்ட 1899ஆம் ஆண்டுப் படத்தைச் சேர்ப்பதானால், அது காட்டுவது காசியின் படித்துறைகளை என்று சொல்லிவிட்டுப் போடுங்கள். படகிலிருந்து எடுத்த அழகான படம். தலைப்பு வைத்தவருக்குக் காசியும் கல்கத்தாவும் ஒன்றாகவே இருந்திருக்கின்றன.

திரைச்சீலை

நிரலை மாற்றிவிட்டேன். முதலில் லியோன் வாசலின் மூன்று வடிவங்கள், உடனே லங்காஷயர் வாசல்கள், பிறகு குழந்தையும் இலைகளும், நமோ கிராமம், காசு பொறுக்கும் குழந்தைகள், காசிப் படித்துறை. கடைசியில் மார்க்கெட் தெரு, வண்ணமேற்றாத பிரதி. ஒவ்வொன்றின் வேகத்தையும் கால் பதிவதைப் பார்த்துச் சரிசெய்து வருகிறேன். மூன்று இரவுகள் போய்விட்டன.

முன்னுரையை இம்முறை அந்த மாணவியே சொல்வதாக ஒப்புக்கொண்டிருக்கிறார். ஒரு நிபந்தனை விதித்தார். ஒரு நிமிடப் படங்கள் ஒவ்வொன்றையும் இரண்டு முறை போட வேண்டுமாம்: ஒரு முறை எடுத்தவர் காட்ட விரும்பியதைப் பார்க்க, மறுமுறை நாயைப் பார்க்க.